பிடிபட்ட கப்பலும் நம் ஊர்ப் பெயர் சுமந்த கப்பலும்



வரலாறு படிப்பிக்கும் எங்களிடம் பிள்ளைகள் கேட்பதுண்டு: "சேர், சண்டையில பிடிச்ச கப்பலை என்ன செய்வாங்க? உடைச்சுப் போடுவாங்களா?"

பாய்க்கப்பல் காலத்தில் அப்படி உடைத்துவிட மாட்டார்கள். ஒரு பெரிய போர்க்கப்பலைக் கட்ட ஒரு காட்டு மரமே வேண்டும், வருடக்கணக்கில் வேலையும் வேண்டும். அதனால் பிடித்த கப்பலைத் தங்கள் துறைமுகத்துக்குக் கொண்டுவந்து விலை மதிப்பார்கள். பிடித்த மாலுமிகளுக்கு அதில் பங்குப் பணம் கிடைக்கும். திருத்தி, சில வேளை பெயரையும் மாற்றி, தங்கள் படையிலேயே சேர்த்துக்கொள்வார்கள்.

அப்படிக் கைமாறிய ஒரு கப்பலின் கதையை இன்று சொல்கிறோம். கொஞ்சம் நீளம்தான், பொறுமையாக வாசியுங்கள்.

1800 இல் பிரான்ஸின் ரோஷ்ஃபோர் துறைமுகத்தில் டுகே ட்ரூவான் என்ற கப்பல் கடலில் இறக்கப்பட்டது. 74 பீரங்கிகள். 1805 ஒக்டோபர் 21 இல் நடந்த ட்ரஃபல்கார் சமரில் பிரெஞ்சு அணியில் அதுவும் நின்றது. தோல்வியான பின் தப்பிப்போன நான்கு கப்பல்களில் அதுவும் ஒன்று. ஆனால் இரண்டு வாரம்தான். நவம்பர் 4 இல் ஸ்பெயினின் வடகரையோரம், ஓர்டேகல் முனைக்கு அப்பால், ஸ்ட்ரக்கன் என்ற பிரித்தானியத் தளபதி நான்கையும் பிடித்துவிட்டார். டுகே ட்ரூவானின் கப்டன் அந்தச் சண்டையிலேயே இறந்துபோனார்.

பிரித்தானியர் அதற்கு இம்ப்ளக்கபிள் என்று பெயர் வைத்தார்கள். 'மனமிரங்காதது' என்று பொருள். 1808 இல் அதே கப்பல் பால்டிக் கடலில் வ்செவலோட் என்ற ரஷ்யக் கப்பலோடு மோதியது. 1840 இல் சிரியாக் கரையில் நடந்த யுத்தத்துக்கும் போனது. பிரான்ஸுக்கு உழைத்தது 5 வருடம், பிடித்தவனுக்கு உழைத்தது அதைவிட எத்தனையோ மடங்கு!

பின்னர் அதன் பீரங்கி வேலை முடிந்தது. 1855 இல் டெவன்போர்ட் துறைமுகத்தில் கட்டி, கடற்படையில் சேரும் பையன்களுக்குப் பயிற்சிக் கப்பலாக்கினார்கள். மனிதரைக் கொல்லக் கட்டிய ஒன்று பள்ளிக்கூடமானது. ஆசிரியர்களாகிய எங்களுக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த இடம் இதுதான்.

பிறகு அதைக் கழித்துவிட நினைத்தபோது வீட்லி கொப் என்ற தனி மனிதர் முன்வந்தார். 1912 இல் கப்பலைப் பொறுப்பேற்று, பிள்ளைகளுக்குக் கடல் பயிற்சி கொடுக்கப் பயன்படுத்தினார். அவரிடம் ஏற்கனவே இன்னொரு பழைய கப்பல் இருந்தது. அதன் பெயர் என்ன தெரியுமா? ட்ரின்கொமலி! நம்முடைய திருகோணமலைதான். 1817 இல் பம்பாயில், வாடியா குடும்பத்தாரின் கைவேலையில், தேக்கு மரத்தில் கட்டிய கப்பல். கொப் அதை 1897 இல் வாங்கி ஃபூட்ரொயன்ட் என்று பெயர் மாற்றியிருந்தார்.

இரண்டு கப்பல்களும் பின்னர் போர்ட்ஸ்மத் துறைமுகத்தில் பிள்ளைகளுக்குக் கடலைப் படிப்பித்தன. முடிவு மட்டும் இரண்டுக்கும் வேறு.

இரண்டாம் உலக யுத்தம் முடிந்தபோது இம்ப்ளக்கபிளின் மரம் உக்கியிருந்தது. திருத்தப் பெருந்தொகை தேவை, நாட்டிலோ பணமில்லை. பிரான்ஸிடம் கேட்டார்கள், அவர்களும் ஏற்கவில்லை. 1949 டிசம்பர் 2 இல் அதை நடுக்கடலுக்கு இழுத்துப்போய், பிரெஞ்சுக் கொடியையும் பிரித்தானியக் கொடியையும் ஒன்றாகப் பறக்கவிட்டு, வெடி வைத்தார்கள். 149 வயதுக் கப்பல் உடனே தாழவும் இல்லை. வெட்டியெடுத்து வைத்த பின்புற அலங்காரமும் முகப்புச் சிலையும் கிரீனிச் அருங்காட்சியகத்தில் மிஞ்சியிருக்கின்றன.

மரியாதைக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் வெடி வைக்கும் நாளில் காட்டிய அந்த மரியாதையைப் பத்து வருடம் முன்னர் காட்டியிருந்தால் கப்பல் மிஞ்சியிருக்கும். பின்னாளில் பழைய கப்பல்களைக் காக்க உருவான ஓர் உலக அமைப்பு, இம்ப்ளக்கபிளின் பெயரைச் சொல்லி 'இனி ஒருபோதும் வேண்டாம்' என்பதையே தன் வாசகமாக வைத்துக்கொண்டது.

ட்ரின்கொமலிக்கு அந்தக் கதி வரவில்லை. 1987 இல் ஹார்ட்டில்பூல் நகரத்துக்குக் கொண்டுபோய், பத்து வருடத்துக்கும் மேலாக உழைத்துத் திருத்தினார்கள். 1992 இல் பழைய பெயரையே திருப்பிக் கொடுத்தார்கள். இன்றும் மிதக்கிறது. நம் ஊர்ப் பெயரை நாம் பார்த்திராத மக்கள் அவ்வளவு தூரத்தில் காத்து வைத்திருக்கிறார்கள்.

அப்படியானால் நம்மிடம் இருப்பதை நாம் என்ன செய்கிறோம்? பாடசாலைகளின் பழைய சம்பவத் திரட்டுப் புத்தகங்கள் கறையான் தின்னும் அலுமாரிகளில் கிடக்கின்றன. வள்ளம் கட்டத் தெரிந்த மூத்த கைகள் குறைந்துகொண்டே போகின்றன. புதுக் கட்டடம் வரும்போது பழையதை ஒரு படம்கூட எடுக்காமல் இடிக்கிறோம். பிறகு, "அது இருந்திருந்தா நல்லா இருந்திருக்கும்" என்று பெருமூச்சு விடுகிறோம்.

பெரிய பணம் கேட்கவில்லை உறவுகளே. உங்கள் வீட்டில் பழைய பாடசாலைப் படமோ, வாப்பாவின் கடற்றொழில் கணக்குக் கொப்பியோ இருந்தால் போனில் ஒரு படமாவது எடுத்து வையுங்கள். வள்ளம் கட்டிய ஓர் அப்பா இருந்தால், பேரப்பிள்ளையைப் பக்கத்தில் இருத்திப் பேசவிட்டு ஒலிப்பதிவு செய்யுங்கள். இந்த விடுமுறையிலேயே செய்யுங்கள்.