மயில் முட்டைக்குள்

சென்ற வருஷத்திலிருந்து என் வலது காது வேலை நிறுத்தம் செய்து வருகிறது. இடது காது இன்னும் சமரசப் பேச்சில் இருக்கிறது. அதுவும் அதிக நாள் தாங்காது என்று டாக்டர் சொல்லிவிட்டார். மற்றத் தொழிலில் இருப்பவர்களுக்கு இது ஓர் அசௌகரியம். கதை எழுதுகிறவனுக்கோ முதலே கரைகிற சமாசாரம். என் நாவல்களில் வருகிற பேச்சில் பாதி, பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டிலும் அரியலூர் ரயில் நிலையத்திலும் ஒட்டுக்கேட்டது. இதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை. மற்ற ஆசிரியர்களும் அப்படித்தான். அவர்கள் சொல்வதில்லை, அவ்வளவுதான்.

இந்த மனநிலையில் பெரம்பலூரில் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். அக்கா மகன் ஒரு தடித்த இங்கிலீஷ் புஸ்தகத்தைக் கையில் திணித்து, "முதல் அத்தியாயம் மட்டும் படியுங்கள், மாமா" என்றான். டோல்கீன் எழுதிய 'சில்மரில்லியன்'. அவர் 1973-ல் காலமானார். 1977-ல் அவருடைய மகன் இதைத் தொகுத்து வெளியிட்டார்.

அதிலே ஒரு கற்பனை உலகம். அந்த உலகத்தைக் கடவுள் மண்ணால் பிசையவில்லை. தாம் படைத்த தேவகணங்களைக் கூட்டி வைத்துப் பாடச் சொல்கிறார். ஒருவன் மட்டும் தன் பெருமைக்காகத் தனி மெட்டு ஒன்றை இடையில் நுழைக்கிறான். பாட்டு பிசகுகிறது. பிறகு அந்தப் பாட்டே காட்சியாகி, காட்சியே உலகமாகிறது. பிசகும் கூடவே வந்துவிடுகிறது. அந்தப் பாட்டின் எதிரொலி இன்றும் வேறெதையும் விடத் தண்ணீரில்தான் அதிகம் தங்கியிருக்கிறதாம்.

ஒரு கோடை இரவில் இதைப் படித்துவிட்டு, காது போகப் போகிறவன் தூங்க முடியுமா? உலகமே ஒலியால் ஆனதென்றால், ஒலி போனவனுக்கு உலகத்தில் என்ன பங்கு?

மறுநாள் காலை மருமான் காரில் ஏற்றிக்கொண்டான். முதலில் காரை கிராமம். பார்க்காதவர்கள் ஒரு தரம் பார்க்க வேண்டும். மழைத் தண்ணீர் அறுத்து அறுத்து மண்ணில் நூற்றுக்கணக்கான கீறல்கள்; நடுநடுவே ஜிப்சத் துண்டுகள் வெயிலில் மினுக்கும். சுமார் 10 கோடி வருஷங்களுக்கு முன் இந்த இடம் கடல். அந்தக் கடலில் வாழ்ந்த அம்மோனைட் என்ற பிராணியின் சுருள் கூடுகள் இன்றும் கல்லாகக் கிடைக்கின்றன. கண்டகி நதியிலிருந்து வந்து நம் வீடுகளில் பூஜை பெறுகிற சாளக்கிராமமும் இதே இனத்தின் கல்தான்.

ஒன்றை எடுத்து யாரும் பார்க்காத சமயத்தில் இடது காதில் வைத்துக்கொண்டேன். ஒன்றும் கேட்கவில்லை. சங்கில் கேட்கிற இரைச்சல் கடல் அல்ல என்பது எனக்குத் தெரியும். சுற்றுப்புறச் சத்தம் உள்ளிருக்கும் காற்றில் மோதிப் பெருகுவதுதான் அது. இந்தக் கூட்டுக்குள்ளோ காற்றுக்கே இடமில்லை, கல் நிரம்பிவிட்டது. எடுத்த இடத்திலேயே வைத்தேன்.

அங்கிருந்து அரியலூர், ஜயங்கொண்டம் வழியாகக் கங்கைகொண்டசோழபுரம். ராஜேந்திர சோழன் 11-ஆம் நூற்றாண்டில் எழுப்பிய கோயில். விமானத்தின் தென்புறத்தில் ஒரு நடராஜர் இருக்கிறார். கீழே காரைக்கால் அம்மையார் உட்கார்ந்து தாளம் போடுகிறார். எலும்பும் தோலுமான உடம்பு. அந்த முகத்தில் மட்டும் அப்படி ஒரு சுகம்!

"டோல்கீன் நம்மிடமிருந்து எடுத்திருப்பாரோ, மாமா?" என்றான் மருமான்.

எனக்கு அந்த அபிப்பிராயம் இல்லை. கோளங்கள் பாடுகின்றன என்ற நினைப்பு கிரேக்க தேசத்தில் பழையது. அவருக்கு அது போதும். ஆனால் நம் சங்கதி அதைவிடச் சூக்ஷ்மமானது. நடராஜர் கையிலுள்ள உடுக்கைதான் படைப்பு என்கிறது 13-ஆம் நூற்றாண்டில் மனவாசகம் கடந்தார் செய்த 'உண்மை விளக்கம்'. சைவ சித்தாந்தத்தின் 36 தத்துவங்களில் உச்சியில் இருப்பது நாதம். மண் அடியில் இருக்கிறது. இதை விஞ்ஞானம் நிரூபித்துவிட்டது என்று மேடையில் முழங்குகிறவர்களை நான் நம்புவதில்லை. ராபர்ட் பாயில் கண்ணாடிப் பாத்திரத்துக்குள் கடிகாரத்தை வைத்துக் காற்றை உறிஞ்சி எடுத்தபோது டிக் டிக் அடங்கிப்போயிற்று; 1660-லேயே அதை அச்சிட்டுவிட்டார். காற்றில்லாத இடத்தில் காதுக்கு வேலையில்லை.

சித்தாந்திகளும் காதைப் பெரிதாக மதிக்கவில்லை என்பதுதான் எனக்கு ஆறுதல். வாக்கு நான்கு வகை என்பார்கள். பிறர் காதில் விழுவது வைகரி ஒன்றுதான். கண்டத்தில் நின்று, பேசுகிறவனுக்கு மட்டும் தெரிவது மத்திமை. அதற்கும் உள்ளே பைசந்தி: மயில் முட்டையின் நீருக்குள் தோகையின் ஐந்து நிறமும் பிரியாமல் கிடப்பதுபோல, எழுத்துக்களெல்லாம் பிரியாமல் கிடக்கிற நிலை. அதற்கும் அப்பால் சூக்குமை.

அந்த மயில் முட்டை எனக்கு நன்றாகப் பழக்கம். ஒரு நாவல் மனசில் தங்கிவிட்டால் முதல் வரி வருவதற்கு முன் இரண்டு மூன்று மாதம் அப்படித்தான் கிடக்கும். யார் பேசுகிறார்கள், என்ன பேசுகிறார்கள் ஒன்றும் தெரியாது. ஆனால் எல்லோரும் அங்கே இருக்கிறார்கள். அதற்குக் காது வேண்டியதில்லை.

இப்படி நினைத்துத் தைரியம் வரப்போகிற சமயத்தில் இன்னொரு யோசனை குறுக்கிட்டது. மயில் முட்டை எங்கிருந்து வந்தது? மயில் இட்டது. தத்துவத்தில் ஒலி உள்ளிருந்து வெளியே வருகிறது. என் பிழைப்பிலோ அது வெளியிலிருந்து உள்ளே போனது. பஸ் ஸ்டாண்டில் சில்லறைக்குச் சண்டை போட்ட கிழவி உள்ளே போகாமல், என் முட்டைக்குள் எந்த நிறம் இருந்திருக்கும்? இனிமேல் புதிதாக யார் உள்ளே போவார்கள்? அம்மையார் கையில் தாளம் இருக்கிறது, முகத்தில் சுகம் இருக்கிறது, பதில் இல்லை.

அப்போது மருமான் என் வலது பக்கம் நின்று ஏதோ பேசினான். உதடு மட்டும் தெரிந்தது. அவன் முகம் அம்மையாரின் பக்கம் திரும்பியிருந்ததால், 'அந்தத் தாளம் உங்களுக்குக் கேட்கிறதா, மாமா?' என்று கேட்கிறான் என்று நானே ஒரு வசனம் எழுதிக்கொண்டேன். நல்ல வசனம். கண்கூட லேசாகக் கலங்கிற்று. தலையை ஆட்டினேன்.

அவன் இடது பக்கம் சுற்றி வந்து, சற்று உரக்கவே, "தலையாட்டினால் எப்படி? செருப்பை எந்தப் பக்கம் விட்டோம், மாமா?" என்றான்.