மண்டபமும் வகுப்பறையும்

சென்னை மெரினாக் கடற்கரைச் சாலையில், கூவம் கடலோடு கலக்கும் இடத்திற்கு அருகே ஓங்கி நிற்கிறது சென்னைப் பல்கலைக்கழகத்தின் செனட் மாளிகை. இராபர்ட் சிஷோம் என்னும் கட்டடக் கலைஞரின் திட்டப்படி 1874இல் தொடங்கி 1879இல் முடிந்த பணி அது. அதன் வளைவுகளும் குவிமாடங்களும் அண்டையிலுள்ள ஆர்க்காட்டு நவாபின் சேப்பாக்கம் அரண்மனையோடு உறவு கொண்டாடுவன. 1937இல் சட்டமன்றமும் சில திங்கள் இங்கே கூடியது.

முதுகலை பயின்ற இரண்டாண்டுகளும் திருவல்லிக்கேணியில் தங்கியிருந்தமையால் அம்மாளிகையை நாள்தோறும் கண்டேன். வைகறையில் வாலாஜா பள்ளிவாசலின் பாங்கொலி. அதன்பின் கடற்கரையில் நடைபயில்வோர் கூட்டம். பகலில், மதிப்பெண் பட்டியலும் பட்டச் சான்றிதழும் தேடி வெளியூர்களிலிருந்து வரும் மாணவர்கள். துணிப்பையை மார்போடு அணைத்தபடி உடன்வரும் தந்தையர். மாலையில் சுண்டல் விற்போர் குரலும், பாரதி சாலைப் பழைய புத்தகக் கடைகளும்.

அத்தந்தையர் பலரும் மாளிகையை அண்ணாந்து பார்த்து, "இங்கேதான் பாடம் நடக்குமா, தம்பி?" என்று கேட்பர். அக்கேள்வி என்னைச் சிந்திக்க வைத்தது. 1857இல் தோன்றிய அப்பல்கலைக்கழகம், இலண்டன் பல்கலைக்கழகத்தை முன்மாதிரியாகக் கொண்டது. தேர்வு நடத்துவதும் பட்டம் வழங்குவதுமே அதன் தொடக்ககாலப் பணி. கற்பித்தல் முழுவதும் கல்லூரிகளில் நடந்தது. ஆகவே அந்த மாபெரும் மண்டபம் வகுப்பறைக்கென எழுந்ததன்று. அதன் வகுப்பறைகள் ஊர்தோறும் இருந்த கல்லூரிகளே!

அப்பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளுள் ஒருவர் யாழ்ப்பாணத்துச் சி.வை. தாமோதரம் பிள்ளை. அவர் பட்டம் பெற்றபோது இம்மாளிகை எழும்பியிருக்கவில்லை. பிற்காலத்தில் ஏட்டுச் சுவடிகளை ஒப்புநோக்கி, 1887இல் கலித்தொகையை அச்சேற்றினார். பட்டம் அவருக்கு முடிவாக அமையவில்லை, தொடக்கமாகவே அமைந்தது.

பல்கலைக்கழகத்தின் 150ஆம் ஆண்டையொட்டி மாளிகை செப்பனிடப்பட்டதறிந்து மகிழ்ந்தேன். கல்லையும் சுண்ணத்தையும் காப்பது நற்பணியே. எனினும், கல்வியை அலுவலகச் சாளரத்தில் பெற்றுக்கொள்ளும் தாளாக மட்டும் கருதுவோமாயின், காத்த கட்டடம் வெறுங்கூடாகிவிடும். அன்பு மாணவர்களே! மின்விசிறி ஓயாது முனகும் நம் தமிழ் வகுப்பறையைச் சிறிதென எண்ணாதீர்கள். அம்மண்டபம் அளித்த மதிப்பெல்லாம் இத்தகைய அறைகளில் விளைந்ததே. நூலகத்தில் தூசி படிந்து கிடக்கும் ஒரு நூலையேனும் இவ்வாண்டு எடுத்துப் படியுங்கள். அந்த மாளிகைக்கு நாம் செய்யும் உண்மையான செப்பனிடல் அதுவே.