பள்ளி வழியாக வேலைக்குச் செல்லும் தந்தையர்



நம் தமிழ்ப்பள்ளிகளுள் பல, பிள்ளைகளின் வீட்டிற்கு அருகில் இல்லை. தோட்டங்கள் துண்டாடப்பட்டு மக்கள் அடுக்குமாடி வீடுகளுக்கும் தாமான்களுக்கும் குடிபெயர்ந்த பின்னரும் பள்ளி பழைய இடத்திலேயே நின்றுவிட்டது. ஆகவே, விடியுமுன் பிள்ளையை மோட்டார் சைக்கிளில் ஏற்றிவந்து பள்ளி வாயிலில் இறக்கிவிட்டுப் பின்னர் தொழிற்சாலைக்கு விரையும் தந்தையரை நாம் நாள்தோறும் காண்கிறோம். அவர்களுள் ஒருவரைப் பற்றியே எழுதுகிறேன். பெயர் வேண்டாம்.

என்னிடம் ஐந்தாம் ஆண்டு பயின்ற மாணவியின் தந்தை அவர். வயது 38. கையுறைத் தொழிற்சாலையில் பணி. மகளை இறக்கிவிட்டுச் சென்ற சற்று நேரத்தில் சாலைச் சந்திப்பில் கார் மோதி, வலக்கால் முழங்காலுக்குக் கீழே அகற்றப்பட்டது.

மருத்துவமனைக் கட்டிலருகே உறவினர்களுக்கு முன்பே வந்து நின்றவர் ஒரு முகவர். வெற்றுத் தாளில் கையொப்பம் கேட்டாராம். கிடைக்கும் பணத்தில் முப்பது விழுக்காடு தமக்கு என்றாராம். இத்தகையோருக்கு விபத்துச் செய்தி எப்படித்தான் அவ்வளவு விரைவில் எட்டுகிறதோ! வெற்றி பெற்றால் இத்தனை பங்கு என்று வழக்கறிஞரே ஒப்பந்தம் செய்துகொள்வதை 1976ஆம் ஆண்டு வழக்கறிஞர் தொழிற் சட்டம் அனுமதிப்பதில்லை. அவ்வாறிருக்க, முகவருக்கு ஏது உரிமை? நல்ல வேளையாக, அவர் கையொப்பமிடவில்லை.

நான் காணச் சென்றபோது அவரை வாட்டியது வேறொன்று. "சார், சொக்சோ கிடைக்காதுன்னு சொல்றாங்க. ஸ்கூல் பக்கம் வளைஞ்சு போனதால அது வேலைக்குப் போற வழி இல்லையாம்," என்றார். மகள் கட்டிலின் ஓரத்தில் அமர்ந்து கேட்டுக்கொண்டிருந்தாள். தன்னைப் பள்ளியில் விட வந்ததால்தான் அப்பாவுக்குப் பணம் கிடைக்கவில்லை என்று அக்குழந்தை எண்ணிவிடுவாளோ என்பதே என் கவலையாயிற்று.

1969ஆம் ஆண்டு தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின் 24ஆம் பிரிவு, வீட்டிற்கும் பணியிடத்திற்கும் இடையிலான பயணத்தில் நேரும் விபத்தையும் பணியிட விபத்தாகவே கொள்கிறது. ஆனால், அப்பயணம் தடைப்பட்டிருக்கும்போதோ வழி விலகியிருக்கும்போதோ நேர்ந்தால் அவ்வாறு கொள்வதில்லை. எனவே, விபத்து நடந்த இடம் எது என்பதே வினா. அவர் பள்ளிச் சாலையை விட்டு நீங்கி, தாம் வழக்கமாகச் செல்லும் பெருஞ்சாலையில் மீண்டும் சேர்ந்த பின்னரே கார் மோதியிருந்தது. சாலைகளை வரைந்து அந்த இடத்தைக் குறித்தோம். பள்ளி தொடங்கும் நேரத்தையும், அம்மாணவி நாள்தோறும் தந்தையுடன் வருவதையும் உறுதிப்படுத்தித் தலைமையாசிரியர் கடிதம் தந்தார். அண்ணன் 24 மணி நேரத்திற்குள் போலீஸ் புகார் செய்திருந்தது பெருந்துணையாயிற்று. மலாயில் அமைந்த படிவங்களை நானும் அவர் மனைவியும் பள்ளி நூலகத்தில் அமர்ந்து நிரப்பினோம்.

ஐந்து மாதங்களுக்குப் பின் விண்ணப்பம் ஏற்கப்பட்டது. மருத்துவ விடுப்பு நாள்களுக்கு, கணக்கிடப்பட்ட அன்றாட ஊதியத்தில் 80 விழுக்காடு. அதன்பின் மருத்துவக் குழு உடற்குறையை மதிப்பிட்டது. மதிப்பீடு 20 விழுக்காட்டைத் தாண்டாவிடில் ஒரே தொகையாக முடித்துவிடுவர். தாண்டினால் ஐந்தில் ஒரு பங்கை மொத்தமாகவும் எஞ்சியதை மாதந்தோறும் பெறலாம். முழுத் தொகையையும் மாதந்தோறும் பெறவும் வழியுண்டு. இவர் அதையே தேர்ந்தார். கடன்காரர்களை நினைத்தால் மொத்தத் தொகை கவர்ச்சியானதுதான். மனைவியின் பேச்சு வென்றது.

சொக்சோ பெற்றால் கார் ஓட்டுநரின் காப்புறுதியிடம் கோர முடியாது என்றொரு தவறான நம்பிக்கை நம்மிடையே உண்டு. அவர் முதலாளி மீதுதான் வழக்குத் தொடுக்க இயலாது. மோதிய கார் வேறொருவருடையது. 1956ஆம் ஆண்டு சிவில் சட்டத்தில் 2019ஆம் ஆண்டு செய்யப்பட்ட திருத்தம் இவருக்கு நன்மை பயக்கிறது. வருங்கால வருமான இழப்பைக் கணக்கிட, முன்பு 55இலிருந்து வயதைக் கழித்து இரண்டால் வகுப்பர். அதன்படி எட்டரை ஆண்டுகளே. இப்போது 60இலிருந்து கழிக்க, 11 ஆண்டுகள். மாத வருமானம் 2,000 ரிங்கிட் என்று கொண்டால், கழிவுகளுக்கு முன் 204,000 ரிங்கிட்டாக இருந்திருக்க வேண்டியது 264,000 ரிங்கிட் ஆகிறது. இரு தரப்பிலும் தவறு இருந்ததாக நீதிமன்றம் கருதினால் இது குறையும்.

அதே சட்டத்தில் என்னை உறுத்துவது மற்றொன்று. விபத்துக்கு முன் வருமானம் ஈட்டியவருக்கே இந்தக் கணக்கு. பத்து நிமிடங்களுக்கு முன் அந்த விபத்து நேர்ந்து, மகள் கால் இழந்திருந்தால்? வலிக்கும் சிகிச்சைச் செலவுக்கும் இழப்பீடு உண்டு. இத்தலைப்பிலோ, பதினோரு வயதுச் சிறுமிக்கு வருமானம் ஏது? முப்பது வயதுத் தொழிலாளிக்கு 16 ஆண்டு வருமானத்தைக் கணக்கிடும் சட்டம், வாழ்நாள் முழுவதையும் இழக்கும் மாணவிக்கு அந்தப் பத்தியை வெறுமையாக விடுகிறது. இது எனக்கு நியாயமாகப் படவில்லை.

தொழிற்சாலையில் வேலை செய்யும் பெற்றோர், தம் பெயரில் சொக்சோ சந்தா செலுத்தப்படுகிறதா என்று சம்பளச் சீட்டில் பார்த்துக்கொள்ளுங்கள். உணவு விநியோகம், வாடகைக்கார் என்று சொந்தமாகத் தொழில் செய்வோர்க்கு 2017ஆம் ஆண்டின் தனிச்சட்டம் உண்டு.

அவரது நீதிமன்ற வழக்கு இன்னும் முடியவில்லை. மலாக்காவில் உள்ள பெர்கேசோ மறுவாழ்வு மையத்தில் பயிற்சி பெற்றுச் செயற்கைக் காலுடன் திரும்பியுள்ளார். மகள் இப்போது வேனில் வருகிறாள். சென்ற வாரம் தேர்ச்சி அறிக்கையில் கையொப்பமிட அவரே படியேறி வந்தார். கணிதத்தில் மதிப்பெண் ஏன் குறைந்தது என்று என்னிடம் சற்றுக் கடுமையாகவே கேட்டார்.