டிபிரைட்மென்ட்: சில குறிப்புகள்

கேஸ் ஷீட்டில் ஒரு வரி: "வூண்ட் டிபிரைட்மென்ட் செய்யப்பட்டது." கால் விரல் இடுக்கில் கத்தி முனையால் கொஞ்சம் மஞ்சள் படலத்தைச் சுரண்டியிருந்தாலும் அதே வரிதான். முழங்காலிலிருந்து இடுப்புவரை திறந்து, செத்த தசையைக் கிண்ணம் கிண்ணமாக எடுத்திருந்தாலும் அதே வரிதான். முதலாவதற்கு மயக்க மருந்துகூடத் தேவைப்படாது. இரண்டாவதற்கு ஐசியூ, ரத்தம், வாசலில் விடிய விடிய உட்கார்ந்திருக்கும் சொந்தபந்தம். அப்பெண்டிசெக்டமி என்றால் குடல்வாலை எடுத்துவிட்டார்கள் என்று புரிந்துவிடும். இந்தச் சொல்லுக்கு அப்படி ஓர் எல்லை கிடையாது. சர்ஜிக்கல் வார்டில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். நோயாளியின் வீட்டார் என்னிடம் அதிகம் அர்த்தம் கேட்ட சொல் இதுதான்.

*

அர்த்தம் இதுதான்: புண் ஆறுவதற்குத் தடையாக அதில் இருக்கும் எல்லாவற்றையும் அகற்றுவது. செத்த சதை, சீழ், மண், சட்டை நூல், எலும்புத் துணுக்கு, ஓரத்தில் தடித்துப்போன தோல், எல்லாமே கணக்கில் வரும்.

"அதான் விலை உயர்ந்த ஊசி போடுறீங்களே, அப்புறம் எதுக்கு வெட்டணும்?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. ஊசி மருந்து ரத்தத்தோடுதான் பயணம் செய்யும். செத்த சதைக்கு ரத்த ஓட்டம் இல்லை. ஆக மருந்து அதன் எல்லைவரை போய் நின்றுவிடும். உள்ளே கிருமிகள் சௌகரியமாக இருக்கும். ஆன்டிபயாடிக் எவ்வளவு வீரியமாக இருந்தாலும் கத்தியின் வேலையை அது செய்யாது.

*

சொல் பிரெஞ்சு. குதிரையின் கடிவாளத்தை அவிழ்ப்பது என்று பொருள். இதில் வெட்டி எடுப்பது எங்கே வந்தது?

வரவில்லை என்பதுதான் விஷயம். 18-ஆம் நூற்றாண்டுப் பாரிஸில், ஓட்டல் தியூ மருத்துவமனையின் சர்ஜன் தெசோவும், பிறகு நெப்போலியன் படையோடு போன சர்ஜன் லாரேயும் செய்த காரியம் வேறு. குண்டடி பட்ட இடம் வீங்கும். தசையைச் சுற்றியிருக்கும் கெட்டியான உறை வீங்க இடம் கொடுக்காது. உள்ளே அழுத்தம் ஏறி, ரத்த ஓட்டம் நின்று, சதை செத்துப்போகும். அந்த உறையைக் கீறி விட்டார்கள். அவ்வளவுதான். எதையும் எடுக்கவில்லை, இறுக்கத்தைத் தளர்த்தினார்கள். லண்டனில் சர்ஜன் ஜான் ஹன்டர், குண்டுக் காயத்தைத் தேவையில்லாமல் அகலப்படுத்தாதே என்று எதிர்த்தார். 1794-இல் வெளிவந்த அவருடைய நூலில் அந்த வாதம் இருக்கிறது.

அந்தப் பழைய வேலை இன்றும் நடக்கிறது, பெயர்தான் மாறிவிட்டது: ஃபேஸியாட்டமி. பாம்புக்கடியில் கால் மரக்கட்டை மாதிரி வீங்கும்போது சில சமயம், எலும்பு முறிவுக்கு இறுக்கிப் போட்ட கட்டுக்குள் கை நீலம் பாய்ந்து வரும்போது பல சமயம்.

நம் பழைய அறுவை வைத்தியரான சுசுருதர் இந்தக் குழப்பத்துக்கே இடம் வைக்கவில்லை. அவர் சொல்லும் எட்டு வகை அறுவைச் செயல்களில் வெட்டி எடுப்பது சேத்யம், கீறித் திறப்பது பேத்யம், சுரண்டுவது லேக்யம். மூன்றும் தனித்தனி. தெசோ செய்தது பேத்யம். இன்று நாம் டிபிரைட்மென்ட் என்பது சேத்யமும் லேக்யமும். கேஸ் ஷீட்டில் இப்படிப் பிரித்து எழுதினால் பாதிக் கேள்விகள் குறையும்.

*

சொல்லின் பொருள் மாறியது முதல் உலகப்போரில். அதற்கு முன்பே, 1898-இல், ஜெர்மானியரான ஃபிரீட்ரிக் கினிப்பன்றிகளுக்குக் காயம் உண்டாக்கி, அதில் தோட்டத்து மண்ணையும் மாடிப்படித் தூசியையும் அப்பி வைத்துப் பார்த்திருக்கிறார். ஆறு மணி நேரத்துக்குள் காயத்தின் ஓரங்களைச் சுற்றி வெட்டி எடுத்துவிட்டால் பிழைத்தன. காயத்துக்கு ஆறு மணி நேரம் என்று எங்களுக்குச் சொல்லித் தந்த கணக்கின் வேர் அங்கே.

1914-இல் பெல்ஜியத்திலும் வட பிரான்சிலும் போர் நடந்தது காலங்காலமாகச் சாணமும் எருவும் போட்டு உழுத வயல்களில். அந்த மண்ணில் வாயு அழுகல் உண்டாக்கும் கிருமி நிறைய. குண்டுச் சில்லு துணியையும் மண்ணையும் சேர்த்தே உடம்புக்குள் கொண்டுபோனது. வழக்கப்படி காயத்தைத் தைத்து மூடினார்கள், உள்ளே அழுகியது. பெல்ஜிய சர்ஜன் அந்துவான் தெபாஜ், லா பான் கடற்கரையில் தான் நடத்திய மருத்துவமனையில் இதை மாற்றினார்: அகலமாகத் திற, செத்ததையெல்லாம் வெட்டி எடு, தைக்காமல் விடு, சில நாள் கழித்துப் பார்த்து மூடு. பழைய பிரெஞ்சுச் சொல் இந்தப் புது வேலைக்கு ஒட்டிக்கொண்டது. போர் முடிந்தபோது சர்ஜன்கள் பலர் அதை இந்தப் பொருளில்தான் சொன்னார்கள்.

இங்கே ஒரு சின்னச் சங்கதி. இன்றைய ஜிப்மரின் மூலம் 1823-இல் பிரெஞ்சுக்காரர் புதுச்சேரியில் தொடங்கிய மருத்துவப் பள்ளி. அங்கே அந்தக் காலத்தில் படித்தவர்கள் இந்தச் சொல்லைக் கேட்டிருந்தால் பழைய பொருளில்தான் கேட்டிருப்பார்கள்.

*

எவ்வளவு வெட்டுவது? பாடப்புத்தகம் நான்கு அடையாளம் சொல்லும்: நிறம், பதம், சுருங்கும் தன்மை, ரத்தக்கசிவு. தியேட்டரில் பக்கத்தில் நின்று பார்த்தால் இப்படி இருக்கும். ஃபோர்செப்ஸால் தசையின் ஓரத்தைக் கிள்ளித் தூக்குவார்கள். உயிருள்ள தசை லேசாகத் துடித்துச் சுருங்கும். செத்தது கிள்ளிய இடத்திலேயே பிய்ந்து வரும், வேகவைத்த இறைச்சி நிறத்தில். கத்தரி போகும். ரத்தம் வராது. இன்னும் கொஞ்சம் உள்ளே. வராது. இன்னும் கொஞ்சம். பொட்டுப் பொட்டாகச் சிவப்பு எழும்பும். "ம், இங்க நிறுத்து."

மற்ற எல்லா ஆபரேஷனிலும் ரத்தம் வந்தால் பதறுவோம். இதில் வராவிட்டால்தான் பதற்றம். கற்றுக்கொள்ளும் டாக்டர்கள் செய்யும் பிழை பெரும்பாலும் குறைவாக வெட்டுவது, கை வராது. நிறத்தை மட்டும் நம்பி ஏமாறுவதும் உண்டு.

*

"ஏன் தையல் போடல?" அடுத்த கேள்வி. புண்ணைத் திறந்தபடி விட்டுவிட்டு வந்தால் டாக்டர் வேலையைப் பாதியில் விட்டதாக வீட்டில் நினைக்கிறார்கள். நம் மனசில் காயம் என்றால் ஊசி நூல். அது இன்று நேற்று வந்ததல்ல. போர்க்காயம் தைக்கும் நீண்ட வெள்ளூசியைக் குளத்தில் பாய்ந்து எழும் மீன்கொத்திக்கு ஒப்பிடுகிறது பதிற்றுப்பத்து.

அழுக்கான காயத்தை உடனே தைத்தால் கிருமியை உள்ளே வைத்துத் தைத்ததாகிவிடும். நான்கைந்து நாள் கழித்து, சதை சிவந்து சுத்தமாக இருந்தால் மூடலாம். இல்லையென்றால் மறுபடி தியேட்டர். பெரிய புண்களில் ஒன்று இரண்டு நாளிலேயே திறந்து பார்ப்பது முன்கூட்டியே போட்ட திட்டம். "முதல் தடவை சரியாப் பண்ணல போல" என்று வெளியே பேச்சு எழும். இரண்டாவது முறை உண்டு என்பதை முதல் முறைக்கு முன்னாலேயே யாராவது சொல்லியிருந்தால் அந்தப் பேச்சு எழாது.

*

கையெழுத்து வாங்கும் நேரம். அம்மா ஒருவர், கையில் பேனா, படிவத்தில் ஆங்கிலச் சொல்.

"சிஸ்டர், கால எடுத்துருவாங்களா?"

"இல்லம்மா. அழுகின சதைய மட்டும் எடுப்பாங்க."

"எவ்ளோ?"

"உள்ள பாத்தாதான் தெரியும்."

"அப்ப கால எடுத்தாலும் எடுப்பாங்க?"

அவர் கேட்டது சரி. சர்க்கரைப் புண்ணில் மேலே ஒரு ரூபாய் அளவுக்குத் தெரிவது உள்ளே பாதம் முழுக்க ஓடியிருக்கும். விரல் ஒன்றை எடுக்க வேண்டி வரலாம். அதற்குத் தனியாக ஒப்புதல் வேண்டும், அதைத் தமிழில் சொல்ல வேண்டும். "கிளீன் பண்றோம்" என்று மட்டும் சொல்லி அழைத்துப்போய், விரல் இல்லாமல் வெளியே கொண்டுவந்தால் சண்டை வரத்தான் செய்யும். "கிளீன் பண்றது" என்ற நம் வார்டுத் தமிழ் பயமுறுத்தாது. தவறாகப் புரிந்துகொள்ள வைப்பதும் அதுதான்.

*

சர்க்கரைக்காரர் காலில் செய்யும் டிபிரைட்மென்ட் சில சமயம் ஓபியிலேயே, நாற்காலியில் உட்கார வைத்தே முடியும். வலிக்காது. வலிக்காததுதான் நோயே. பாதத்தில் தடித்த காய்ப்பைச் சீவினால் அடியில் ஒரு குழி இருக்கும். அதுவரை வெறும் காய்ப்பு என்று நினைத்திருப்பார். செருப்பில் குத்திய ஆணியோடு நடந்து வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

கொல்லிமலையில் பிறந்த சர்ஜன் பால் பிராண்ட் 1946-இல் வேலூர் சிஎம்சிக்கு வந்து தொழுநோயாளிகளிடம் இதைத்தான் கண்டார்: சதை தானாக அழுகவில்லை, உணர்ச்சி இல்லாததால் அடிபட்டு அடிபட்டுப் போகிறது. ராத்திரியில் விரல்களை எலி கடிப்பதுகூடத் தெரியாமல் தூங்கினார்கள். அவர்களுக்குப் பூனை கொடுத்து அனுப்பினார்கள். புண்ணுள்ள பாதத்துக்கு மாவுக்கட்டுப் போட்டு அழுத்தத்தைக் குறைக்கும், அவர் கையாண்ட முறை பிறகு அமெரிக்காவுக்குப் போய், அங்குள்ள சர்க்கரை நோயாளிகளுக்குப் பயன்பட்டது. வெட்டுவது பாதி வேலைதான். மறுபடி அதே இடத்தில் அழுத்தினால் மறுபடி வெட்ட வேண்டியதுதான்.

*

வெட்டக் கூடாத இடமும் உண்டு. குதிகாலில் கறுத்து, காய்ந்து, கெட்டியாக ஒட்டியிருக்கும் தோல். சுற்றிலும் சிவப்பு இல்லை, நீர் கசியவில்லை, அமுக்கினால் தளதளவென்று இல்லை. அதைத் தொடக் கூடாது. அதுவே மூடியாக இருக்கிறது. காலுக்கு ரத்தம் போகிறதா என்று பாதத்தில் நாடி பார்க்காமல் கத்தி எடுப்பவர், ஆறாத புண்ணைப் பெரிதாக்கி வைப்பார்.

*

கத்தி இல்லாத டிபிரைட்மென்ட்களும் இருக்கின்றன. ஈரத்துணி வைத்து, காய்ந்ததும் இழுத்து எடுப்பது ஒன்று; நல்ல சதையையும் சேர்த்துப் பிய்க்கும், நோயாளி கத்துவார். எனக்கு அது பிடிக்காது. ஹைட்ரஜன் பெராக்சைடு ஊற்றி நுரை வந்தால் அழுக்கு போவதாகச் சந்தோஷப்படுவார்கள். அது புதுச் செல்களையும் கொல்லும்.

பப்பாளிப் பாலில் இருக்கும் பப்பெயின் செத்த புரதத்தைக் கரைக்கும். அந்தக் களிம்புகளை, முறையான அனுமதி இல்லை என்று 2008-இல் அமெரிக்காவில் நிறுத்தச் சொன்னார்கள். அதே நாட்டில் 2022-இல், அன்னாசியிலிருந்து எடுக்கும் நொதியைத் தீக்காயத்துக்கு அனுமதித்தார்கள். அதற்காக வீட்டில் பழத்தை அரைத்துப் புண்ணில் அப்ப வேண்டாம்.

புழு கதை தனி. நம் ஊர் வார்டில் புண்ணில் புழு என்றால் டர்பன்டைன் ஊற்றி, வெளியே வருவதை ஒவ்வொன்றாக எடுத்துப்போட்டு, வீட்டாரை ஒரு பார்வை பார்ப்போம். லாரே எகிப்து, சிரியா படையெடுப்பிலேயே புழு செத்ததை மட்டும் தின்பதைக் கவனித்திருக்கிறார். 1917-இல் போர்க்களத்தில் ஏழு நாள் கிடந்த இரண்டு சிப்பாய்களின் காயத்தில் புழு மொய்த்தும் காய்ச்சலே இல்லாததைக் கண்ட அமெரிக்க சர்ஜன் வில்லியம் பேர், பிறகு பால்டிமோரில் அதையே வைத்தியமாக்கினார். பென்சிலின் வந்ததும் மறந்துபோனது. 2004-இல் அமெரிக்காவில் மருத்துவப் புழுவுக்கு முறையான அனுமதி கிடைத்தது. ஆனால் அது ஆய்வகத்தில் கிருமி நீக்கி வளர்த்த பச்சை ஈயின் புழு. நம் புண்களில் தானாக வருவதில் உயிருள்ள சதையைத் துளைத்துத் தின்னும் வகையும் உண்டு. டர்பன்டைனைத் தூக்கிப் போட்டுவிட வேண்டாம்.

*

படிவத்தில் இந்தச் சொல்லைப் பார்த்தால் கையெழுத்துக்கு முன் கேளுங்கள்: எதை எடுப்பீர்கள், விரலோ எலும்போ போகுமா, மறுபடி தியேட்டர் உண்டா, தையல் எப்போது, காலுக்கு ரத்த ஓட்டம் பார்த்தாயிற்றா. அவசரத்தில் டாக்டர் முகம் சுளித்தால் வார்டு சிஸ்டரைக் கூப்பிடுங்கள். தெரிந்தவரை தமிழில் சொல்வோம்.