வெள்ளியில் ஒரு கை

ஆவணித் திருவிழாவுக்குக் கொடி ஏறிக் கூட்டம் சேருவதற்குள் வேளாங்கண்ணிக்கு ஒரு நடை போய்விட்டு வந்தேன். "நீங்கள் கிறிஸ்தவர்களா?" என்று கேட்டுவிடாதீர்கள். எங்கள் தஞ்சாவூர்ப் பக்கத்தில் அந்தக் கேள்விக்கு அவ்வளவாக அர்த்தம் கிடையாது. குழந்தைக்கு முடியிறக்க வைத்தீசுவரன் கோயில். கந்தூரி என்றால் நாகூர். மனசில் பாரம் ஏறினால் வேளாங்கண்ணி மாதா.

என் மனசில் ஏறியிருந்த பாரத்துக்கு வயது இருபத்திரண்டு. எம்.எஸ்ஸி. ரசாயனம் முதல் வருஷம் படித்துக்கொண்டிருந்தவள், ஒரு நாள் ரசம் சாதத்தைப் பிசைந்தபடியே, "அம்மா, படிப்பை விட்டுவிடப் போகிறேன். கார்ட்டூன் படம் போடக் கற்றுக்கொள்ளப் போகிறேன்" என்றாள். அவள் அப்பா பேப்பருக்குள் தலையைப் புதைத்துக்கொண்டு, "உன் பெண், நீயே பேசு" என்று ஒதுங்கிவிட்டார். விண்ணப்பத்தில் பெற்றோர் கையெழுத்து வேண்டும். பணமும் வேண்டும். அவள் கல்யாணத்துக்கென்று சீட்டுக் கட்டிச் சேர்த்த பணம்தான் இருந்தது. "தாயே, இவள் புத்தியைத் திருப்பு" என்பதுதான் மாதாவிடம் நான் கொடுக்க இருந்த மனு. மனுவுக்குரியவளையும் கூடவே அழைத்துக்கொண்டு கிளம்பினேன்.

நாகப்பட்டினத்தில் பஸ் ஏறினதும் ஆரம்பித்தாள். "ராம் மோகன் என்று ஒருவர் அம்மா. சென்னைப் பல்கலைக் கழகத்தில் ரசாயனம் படித்தவர்." ரசாயனம் என்ற சொல்லை வேண்டுமென்றே அழுத்தினாள். மேல் படிப்பை நடுவில் விட்டுவிட்டு 1956-ல் பம்பாய் பிலிம்ஸ் டிவிஷனின் கார்ட்டூன் பிரிவில் சேர்ந்தாராம். அங்கே குரு, கிளேர் வீக்ஸ் என்ற அமெரிக்கர். பாதிரியார் குடும்பத்தில் இந்தியாவிலேயே பிறந்து, வால்ட் டிஸ்னியிடம் வேலை பார்த்தவர். இந்தப் பிரிவிலிருந்து 1957-ல் 'தி பானியன் டீர்' என்ற ஜாதகக் கதைப் படம் வந்தது.

"அதற்கெல்லாம் சோறு போடுவார்களா?" என்றேன்.

"கணக்குப் போடு அம்மா. ஒரு விநாடி ஓடுவதற்கு இருபத்து நான்கு கட்டங்கள். ஒரு சித்திரத்தை இரண்டிரண்டு கட்டத்துக்கு நிறுத்தினாலும் பன்னிரண்டு சித்திரம். பத்து நிமிஷத்துக்கு 7,200. இவ்வளவு பேர் வேண்டுமென்றால் சம்பளம் கொடுத்துத்தானே ஆகவேண்டும்?"

ரசாயனத்தோடு கணக்கும் படித்தவள். என்னால் பதில் சொல்ல முடியவில்லை.

போலந்து தேசத்தில் நெஹ்ரெபெட்ஸ்கி என்று ஒருவர் தம் இரண்டு பிள்ளைகளை மனதில் வைத்தே போலெக், லோலெக் என்ற பொம்மைப் பையன்களை உண்டாக்கிப் பேர் வாங்கினார் என்றும் சொன்னாள். அவர் பெயரை நான் சரியாகச் சொல்லி முடிப்பதற்குள் பஸ் பரவையைத் தாண்டிவிட்டது.

ராம் மோகனும் சும்மா இருக்கவில்லை. 1972-ல் சொந்த நிறுவனம் தொடங்கினார். ஜப்பானியர் யூகோ சாகோவுடன் சேர்ந்து 1992-ல் ராமாயணத்தையே சித்திரப் படமாக்கினார். 2025 ஜனவரியில் அது தமிழ் பேசிக்கொண்டு தியேட்டர்களுக்கு வந்தது. 2014-ல் பத்மஸ்ரீ. 2019 அக்டோபரில் காலமானார்.

ஆனால் என்னைப் பிடித்து உலுக்கியது ராமாயணம் அல்ல, மீனா. ஐக்கிய நாடுகளின் குழந்தைகள் நிதிக்காக அவர் இயக்கிய படங்களின் நாயகி, ஒன்பது வயதுக் கிராமத்துச் சிறுமி. தம்பி பெயர் ராஜு, கிளியின் பெயர் மிட்டு. ஒரு கதையில் மாம்பழம் பங்கு போடுகிறார்கள். பையனுக்குப் பெரிய துண்டு, பெண்ணுக்குச் சிறியது. "ஏன்?" என்று கேட்கிறாள் மீனா. அக்காவும் தம்பியும் ஒரு நாளைக்கு வேலையையும் சாப்பாட்டையும் மாற்றிக்கொள்கிறார்கள். மாலைக்குள் பையனுக்குப் பசியும் தெரிகிறது, அக்காவின் வேலையும் தெரிகிறது!

எங்கள் வீட்டில் சதை அண்ணாவுக்கு, கொட்டை எனக்கு. கொட்டைதான் ருசி என்று அம்மா சொல்வாள். ஐம்பது வயது வரைக்கும் நான் அதை நம்பியிருந்தேன். என் பெண்ணிடமும் சொல்லியிருக்கிறேன்.

தரிசனம் முடிந்து கடற்கரையில் உட்கார்ந்தோம். மனுவைக் கொடுத்தேனா என்றால், மெழுகுவர்த்தியை ஏற்றினேனே தவிர, வாய் வரவில்லை. பெண் சின்ன நோட்டுப் புத்தகம் ஒன்றை எடுத்து, ஓரத்தைக் கட்டை விரலால் சரசரவென்று விட்டாள். ஒரு காக்கை தத்தித் தத்தி வந்தது. என்னைப் போலவே மூக்குக் கண்ணாடி போட்ட ஒரு மாமியின் கையிலிருந்து சுண்டல் பொட்டலத்தைக் கவ்விக்கொண்டு பறந்தது. மாமி வாயைப் பிளந்தாள். நான் சிரித்துவிட்டேன். "இன்னொரு தரம் விடு" என்றேன். ஐந்தாறு தரம் விடச் சொல்லியிருப்பேன்.

திரும்புகிற வழியில் காணிக்கை உருவம் விற்கும் கடை. கண், கால், வீடு, தொட்டில் என்று தகட்டில் வெட்டி வைத்திருந்தார்கள். வெள்ளியில் ஒரு கை வாங்கினேன்.

"யாருக்கம்மா கையிலே நோவு?" என்று கடைக்காரம்மாள் இரக்கத்தோடு கேட்டாள்.

"நோவு ஒன்றும் இல்லை. நன்றாயிருக்கட்டும் என்றுதான்."

மறுபடி கோயிலுக்குப் போய் அதை உண்டியலில் போட்டுவிட்டு வந்து பஸ்ஸில் உட்கார்ந்ததும், "அந்தக் காகிதத்தை எடுடி, பேனாவும் கொடு" என்றேன். பையைத் தலைகீழாகக் கொட்டித் தேடினாள். பென்சில்தான் இருந்தது. கண்டக்டரிடம் பேனா கடன் வாங்கினோம்.