கையுறையும் பறியும்

பேரப்பிள்ளைகளுக்கு என்ன கதைப் புத்தகம் வாங்கலாம் என்று இரண்டு மூன்று பேர் இன்பாக்ஸில் கேட்டிருந்தீர்கள். பல நாட்டு நாடோடிக் கதைகள், பெரிய பெரிய படங்களோடு இருப்பதாகப் பார்த்து வாங்குங்கள் என்பேன். ஏன் என்று சொல்லத்தான் இந்த நீளப் பதிவு. பொறுமையாகப் படிக்கவும்.

கடலூரில் பயிற்சி முடித்து வேலைக்குச் சேர்ந்த புதிது. 1985 என்று ஞாபகம். சிதம்பரம் கீழ வீதியில் நியூ செஞ்சுரி புத்தக வேன் வந்து நின்றது. சோவியத் புத்தகங்கள் அப்போது கொள்ளை மலிவு. ராதுகா பதிப்பகத்தின் குழந்தைப் புத்தகங்கள், வழவழ தாள், நாலு வண்ணப் படங்கள். தமிழில் சில, இங்கிலீஷில் சில என்று ஐந்து வாங்கினேன். ரஷ்யக் கதை, உக்ரேனியக் கதை, உஸ்பெக் கதை என்று கலவை. பிள்ளைகள் கை பட்டால் கிழிந்துவிடும் என்று ஐந்தையும் சேர்த்து ஒரே பைண்டிங்காகப் போட்டேன். வகுப்பில் அதற்கு "குண்டு புக்கு" என்று பெயர்.

அதில் கோழிக் காலில் நிற்கும் சூனியக்காரியின் குடிசைக்கு எப்போதும் மவுசு. எங்கள் தெனாலிராமன் மாதிரி உஸ்பெக் நாட்டில் ஒரு நஸ்ருதீன். ஆனால் நான் சொல்ல வந்தது "கையுறை" என்ற உக்ரேனியக் கதை. ஒரு தாத்தா பனிக்காட்டில் நடந்து போகும்போது அவர் கையுறை ஒன்று விழுந்துவிடும். குளிருக்கு ஒதுங்க எலி வந்து அதில் நுழையும். தவளை வரும், முயல் வரும், நரி, ஓநாய், காட்டுப்பன்றி, கடைசியில் கரடி. ராச்சேவ் என்ற ஓவியர் படம் போட்டிருப்பார். அந்த மிருகங்களுக்கெல்லாம் அந்த ஊர் உடுப்பு. கையுறைக்கு ஏணி, ஜன்னல் என்று பக்கத்துக்குப் பக்கம் வீடு வளர்ந்துகொண்டே போகும்.

பிறகு பல வருஷம் கழித்து கிள்ளைப் பக்கம் ஒரு தொடக்கப் பள்ளிக்கு மாற்றலானேன். பிச்சாவரம் சுரபுன்னைக் காட்டை ஒட்டிய ஊர்கள். மூன்றாம் வகுப்பில் இந்தக் கதையை எடுத்தேன். பனி என்றால் மார்கழிப் பனி என்று சமாளித்தாயிற்று. கையுறை? ஒருத்தருக்கும் தெரியவில்லை. படத்தைக் காட்டினால், "டீச்சர், அது சாக்ஸா?" என்றான் ஒருவன்.

கடைசி வரிசையில் ஒரு பெண் குழந்தை. இருளர் வீட்டுப் பிள்ளை. வந்தால் வரும், இல்லையென்றால் ஆயாவோடு கழிக்குப் போய்விடும். மற்ற பிள்ளைகள் "எலி பிடிக்கிறவ" என்று கூப்பிடுவார்கள். அதட்டினால் என் முன்னால் நிறுத்துவார்கள், அவ்வளவுதான். அந்தப் பெண் அதுவரை வகுப்பில் வாயைத் திறந்து நான் கேட்டதில்லை. அன்றைக்குப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "பறி டீச்சர்" என்றது.

பறி தெரியாதவர்களுக்கு: தண்ணீரில் இறங்கிக் கையால் தடவி இறால் பிடிக்கும்போது, பிடித்ததைப் போட ஓலையில் முடைந்த சிறு கூடை. இரண்டு கையும் வேலையில் இருப்பதால் அதை வாயில் கவ்விக்கொள்வார்கள். அந்தக் குழந்தை எழுந்து வந்து, பல்லால் கவ்விக்கொண்டு தடவுவது எப்படி என்று செய்தே காட்டியது. கேலி செய்த பசங்கள் வாய் பிளந்து பார்த்தார்கள்.

அப்புறம் கதை என் கையில் இல்லை. ஆயாவின் பறி கழியோரம் விழுந்துவிட்டது. முதலில் நண்டு வந்தது. தவளை சரி. ஓநாய்க்குப் பதில் நீர்நாய். நரி அங்கேயே உண்டு. கரடியை என்ன செய்வது என்று பெரிய வாக்குவாதம். கடைசியில் எருமையை ஏற்றினார்கள். புத்தகத்தில் தாத்தாவின் நாய் குரைத்ததும் எல்லாம் ஓடிவிடும். இங்கே அந்தப் பெண், "எங்க ஆயா நண்ட மட்டும் விடாது டீச்சர், கொழம்பு வெச்சிடும்" என்றது. வகுப்பே சிரித்தது. அவளும் சிரித்தாள். இரண்டு சார்ட்டில் முழுக் கதையையும் படமாகப் போட்டார்கள். பறியின் பின்னல் எப்படி வரவேண்டும் என்று எல்லோரும் அவளைத்தான் கேட்டார்கள்.

கதைகள் இப்படித்தான் ஊர் ஊராய்ப் போகின்றன போல. ஈசாப் கதைப் படங்களில் காக்கை வாயில் பாலாடைக்கட்டி. நமக்கு அது பாட்டி சுட்ட வடை. சிண்ட்ரெல்லாவை பெர்ரோ என்ற பிரெஞ்சுக்காரர் 1697-ல் அச்சிட்டார். சீனாவில் அதே மாதிரிப் பெண்ணின் கதையை ஒன்பதாம் நூற்றாண்டிலேயே எழுதிவைத்துவிட்டார்கள். அங்கே தேவதை இல்லை, மீன் முள் வரம் கொடுக்கிறது. கடலூர்ப் பிள்ளைகளுக்குத் தேவதையைவிட மீன்தான் சட்டென்று புரியும்.

நம் கதைகளும் வெளியே போயிருக்கின்றன. நடேச சாஸ்திரி சேகரித்த கதைகள் 1890-ல் இங்கிலீஷில் வந்தன. அதிலிருந்து ஜோசப் ஜேக்கப்ஸ் 1892-ல் வெளியிட்ட இந்தியக் கதைத் தொகுப்புக்குப் போன சோதிடன் மகன் கதை உண்டு. அந்தத் தொகுப்புக்குப் படம் வரைந்தவர் ஜான் பேட்டன் என்ற ஆங்கிலேயர். நன்றாகத்தான் வரைந்திருக்கிறார். ஆனாலும் பறியைப் பல்லில் கவ்விய ஒரு ஆயாவை யாராவது ராச்சேவ் அளவுக்கு மெனக்கெட்டு வரைந்து நான் இன்னும் பார்க்கவில்லை. கி.ரா. ஐயா எத்தனையோ கதைகளைத் தேடித் தொகுத்துக் கொடுத்துவிட்டுப் போனார். படம் போடுகிறவர்களுக்கு வேலை நிறைய பாக்கி இருக்கிறது.

அந்தப் பெண் அதன்பிறகு ஒழுங்காகப் பள்ளிக்கு வந்தாள் என்று எழுத ஆசைதான். இறால் சீசனில் வரமாட்டாள், மற்ற நாளில் வந்தாள். எட்டாவது வரை படித்தாள். அதற்குமேல் சாதிச் சான்றிதழ் கிடைக்காமல் அலைந்தார்கள். இந்தப் பகுதி இருளர் பிள்ளைகள் எத்தனையோ பேருக்கு அந்தக் காகிதத்தில்தான் படிப்பு நின்றது.

போன மாதம் சிதம்பரம் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். இடுப்பில் ஒரு பையன். "டீச்சர், குண்டு புக்கு இருக்கா?" என்றுதான் முதல் கேள்வி. இருக்கிறது, முதுகு மட்டும் கொஞ்சம் விட்டுவிட்டது. திரும்ப பைண்டிங்குக்குக் கொடுத்திருக்கிறேன். வந்ததும் அவளிடம் சேர்த்துவிடுவேன்.

உங்கள் வீட்டுப் பாட்டி சொன்ன கதையில் பறி மாதிரி ஏதாவது பொருள் வருமா? தெரிந்தால் பெயரோடு கமெண்டில் எழுதுங்கள். வரையத் தெரிந்த என் பழைய மாணவர்கள் நாலு பேராவது இதைப் படிக்கிறார்கள்.