கைலியா, காலர் சட்டையா?

துறைமுகத்துக்கு எதிரே ஒரு கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸில் பகல் பூரா பில் அடிக்கிறவன் நான். சனிக்கிழமை ராத்திரி ஆனால் கானா பாடகன். போன மாதம் முதல்முதலாகச் சொந்தப் பாட்டு ஒன்றை ரெகார்ட் பண்ணினேன். பாட்டு ரெடி, மூஞ்சிதான் ரெடியில்லை. யூடியூபில் போட ஒரு போட்டோ வேண்டுமாமே!

படமெடுக்க வந்த நண்பன் கையில் ஒரு பை. உள்ளே கட்டம் போட்ட கைலி, சிவப்புக் கர்ச்சீப், கறுப்புக் கண்ணாடி.

"தலீவா, காசிமேட்டுல போட் மேல குந்திக்கினு லைட்டா மொறை. அப்பதான் கானான்னு நம்புவாங்க."

முறைத்தேன். படத்தைப் பார்த்தால், சினிமாவில் இரண்டாவது சீனிலேயே ஹீரோவிடம் உதை வாங்குவானே, அந்த ஆசாமி! ராயபுரத்துக்காரன் என்றால் சினிமாக்காரர்கள் தைத்து வைத்திருக்கும் யூனிஃபார்ம். அதை என் காசில் நானே மாட்டிக்கொண்டிருக்கிறேன்.

அம்மாவிடம் காட்டினேன். ரொம்ப நேரம் பார்த்தாள்.

"உங்கப்பா சாவு வூட்டுக்குப் பாடப் போறப்ப வெள்ளச் சட்டய இஸ்திரி போட்டுக்கினுதான் போவாரு. செத்தவருக்கு மரியாத அது. இது யாருக்குடா?"

என்னத்தைச் சொல்ல? கானா வளர்ந்ததே துக்க வீட்டுப் பந்தலில்தான்.

அன்று ராத்திரி, 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' குழுவின் வீடியோவை மறுபடி போட்டுப் பார்த்தேன். பா. இரஞ்சித்தும் டென்மாவும் சேர்த்த குழு. 2018 ஜனவரியில் கீழ்ப்பாக்கத்தில் மேடையேறியது. எல்லோரும் ஒரே மாதிரி கோட் சூட்! எனக்கு அம்பேத்கரின் கோட்தான் ஞாபகத்துக்கு வந்தது. நடுவே ஒரே ஒரு பெண், நம்ம ராயபுரத்து இசைவாணி. 2020-ல் பி.பி.சி.யின் நூறு பெண்கள் பட்டியலில் வந்தவர். அவர்களைப் பார்த்து, 'இது கானா இல்லை' என்று யார் சொன்னார்கள்?

கோட்டுக்கு நான் எங்கே போவது? ஆபீஸ் போகிற வெளிர்நீலச் சட்டையை இஸ்திரிக்குக் கொடுத்தேன். ஞாயிறு காலை ராயபுரம் ஸ்டேஷன் வாசல். 1856-ல் திறந்த ஸ்டேஷன், தென்னிந்தியாவிலேயே முதல். (இதைச் சொல்லாமல் எந்த ராயபுரத்துக்காரனும் பேச்சை முடிக்க மாட்டான்.) அந்தத் தூண்கள் பின்னால் தெரிய, அப்பாவின் டோலக்கோடு நின்றேன்.

"இன்சூரன்ஸ் பாலிசி விக்கிறவன் மாதிரி கீற" என்று நண்பன் தலையில் அடித்துக்கொண்டான். அந்தப் படத்தையே போட்டேன்.

திங்கட்கிழமை மேனேஜர் கூப்பிட்டார். கையில் செல்போன், அதில் நான். தொலைந்தோம் என்று நினைத்தேன்.

"ஏம்ப்பா, இது ஆபீஸுக்குப் போட்டுட்டு வர்ற சட்டைதானே?"

"ஆமா சார்."

"அடுத்த வாரம் எங்க சித்தப்பாவுக்குக் காரியம். இதே சட்டையில வந்து பாடு."